நாணயம்

கூட்டக் குறிப்பெழுத எனக்கு ஓர் இரவுக்கு நாற்பது டாலர்.
குறிப்பில் ஏறாததற்குக் கூலி கிடையாது.
இது ஏறாதது.

வடக்கு டகோட்டா. பிப்ரவரி, செவ்வாய்க்கிழமை.
வெளியே பூஜ்யத்துக்குக் கீழே இருபத்தாறு.
டன்மோர் பள்ளியின் கூடைப்பந்து அரங்கில்
இந்தப் பக்கம் டன்மோர்க்காரர்கள்,
அந்தப் பக்கம் ஓஸ்ட்பிக்காரர்கள்.
லிம்காரர்கள் கதவோரம்,
கோட்டைக்கூடக் கழற்றாமல்.

இணைவதென்று நவம்பரிலேயே முடிவாகிவிட்டது.
முந்நூற்றுப் பதினொன்றுக்கு முந்நூற்று நான்கு.
ஏழு ஓட்டில் ஒட்டிக்கொண்ட மூன்று ஊர்கள்.
மூன்றையும் கூட்டினால்
பதினோராம் வகுப்பில் பதினேழு பேர்.
பள்ளி எந்த ஊரில் என்ற சண்டையை
டிசம்பரில் வெடித்த ஓஸ்ட்பியின் கொதிகலன்
தீர்த்துவைத்தது.

மிச்சமிருந்தது பெயர்.
டன்மோர்–ஓஸ்ட்பியா, ஓஸ்ட்பி–டன்மோரா.
மூன்று பெயர் பேருந்தின் பக்கவாட்டில் கொள்ளாது என்றார்
பெயின்ட் விலை விசாரித்து வந்திருந்த ஆர்லின் ருஸ்டாட்.
லிம்காரர்கள் ஒன்றும் சொல்லவில்லை.
அவர்களை யாரும் கேட்கவுமில்லை.

வெர்லா ஹாக்லண்ட் எழுந்தாள்.
"கட்டடம் உங்களுக்கு. கால்பந்து மைதானம் உங்களுக்கு.
எங்கள் கோப்பைகளைக்கூட உங்கள் அலமாரியில்தான் வைக்கப்போகிறோம்,
அதில் பாதி உங்களைத் தோற்கடித்து வாங்கியது.
முதல் சொல்லையாவது எங்களுக்கு விடுங்கள்."
டன்மோர்ப் பக்கம் யாரோ சிரித்துவிட்டார்கள்.
அடுத்த ஒரு மணி நேரத்தை
"விவாதம் தொடர்ந்தது" என்று எழுதினேன்.

பத்தே முக்காலுக்குத் தலைவர் சட்டைப்பையில் கை விட்டார்.
கால் டாலர் காசு.
தலை விழுந்தால் டன்மோர் முன்னால், பூ விழுந்தால் ஓஸ்ட்பி.
சுண்டினார்.
கைக்கு வரவில்லை.
மேசை விளிம்பில் பட்டுக் குதித்து
மூன்று புள்ளிக் கோட்டைத் தாண்டி
பார்வையாளர் இருக்கைகளுக்கு அடியில் உருண்டு போயிற்று,
இருநூறு தலைகள் கூடவே திரும்ப.

குளென் ஷாய்ப்லே டார்ச்சுடன் குப்புறப் படுத்தான்.
லிம்மில் வீடு, டன்மோரில் துடைப்பம், ஓஸ்ட்பியில் மாமியார்.
பூட்ஸின் அடிப்பாகம் மட்டும் எங்களுக்குத் தெரிந்தது.
கொஞ்சம் அதிக நேரமாகவே தெரிந்தது.
"பூ" என்றான் உள்ளேயிருந்து.

குளெனின் நாணயத்தை யாரும் சந்தேகிக்கவில்லை.
பனிவேறு கொட்டத் தொடங்கியிருந்தது;
கோட்டுகளின் மேல் பிள்ளைகள் தூங்கிக்கொண்டிருந்தார்கள்.

கோடையில் அந்த இருக்கைகளை ஏலம் விட்டோம்.
நகர்த்தும்போது ரசீதுப் புத்தகத்துடன் பக்கத்தில் நின்றேன்.
இரண்டு பலகைகளின் இடுக்கில்,
கெட்டித்துப்போன சூயிங்கத்தில் ஊன்றி,
அந்தக் காசு
செங்குத்தாக நின்றுகொண்டிருந்தது.

குளென் அதைப் பார்த்தான்.
நான் பார்த்ததையும் பார்த்தான்.
"பேனா வைத்திருக்கிறீர்களா?"
"காரில் இருக்கிறது" என்றேன்.
காதில் செருகியிருந்தது.

இப்போது பேருந்தில் ஓஸ்ட்பி–டன்மோர், கறுப்பு எழுத்தில்.
நடுவிலுள்ள சிறுகோட்டுக்கும்
ஓர் எழுத்தின் காசு வாங்கினான் பெயின்டர்.
முதல் நிறுத்தம் லிம், காலை ஆறு பத்து.
ஒன்பது பிள்ளைகள், அதில் நாலு பேர் ஷாய்ப்லே வீட்டார்.
அந்த இருட்டில் எந்தப் பெயரும் தெரியாது.
முகப்பு விளக்கைப் பார்த்து ஏறுகிறார்கள்.

காசை நான் வைத்துக்கொள்ளவில்லை.
ஆசிரியர் அறைக் காபி இயந்திரத்தில் போட்டேன்.
இரண்டு தடவை துப்பியது.
மூன்றாம் தடவை
வாங்கிக்கொண்டது.